முகிலாய்ச்சி: மேகம் மேய்க்கும் ஒரு தெய்வத்தை யோசிப்பது எப்படி?

கதைக்காகவோ விளையாட்டுக்காகவோ புதிதாக ஒரு உலகத்தைக் கட்டத் தொடங்குகிறவர்கள் பெரும்பாலும் முதல் வாரத்திலேயே தெய்வங்களுக்கு வந்துவிடுவார்கள். நானும் அப்படித்தான் வந்தேன். ஒரு நோட்டில் நடுவே கோடு போட்டு, இந்தப் பக்கம் பெயர், அந்தப் பக்கம் பொறுப்பு என்று எழுதினேன். நெருப்புக்கு ஒருவர், கடலுக்கு ஒருவர், மரணத்துக்கு ஒருவர். ஒரு வரியில் மட்டும் மூன்று பொறுப்புகள் சேர்ந்து விழுந்துவிட்டன: வானத்தில் மந்தை மேய்ப்பவள், வானிலைக்கு உரியவள், காலத்துக்கு உரியவள். மற்ற வரிகளை எல்லாம் பிறகு அடித்துவிட்டேன். இந்த ஒரு வரி பல வருடமாக என்னோடு இருக்கிறது.

கற்பனைத் தெய்வம் என்றால் என்ன, அதை எங்கே பிடித்து யோசிக்கத் தொடங்குவது என்பதைப் புதிதாக வருகிறவர்களுக்கு அவளை வைத்தே சொல்லிப் பார்க்கிறேன்.

கற்பனைத் தெய்வம் என்பது நிஜ உலகில் யாரும் கும்பிடாத, கதைக்குள் வாழும் மக்கள் மட்டும் கும்பிடுகிற தெய்வம். நமக்குத்தான் அவள் கற்பனை. அந்த மக்களுக்கு அவள் நிஜம். அவர்கள் நிமிர்ந்து வானத்தைப் பார்த்தால் அவள் வேலை செய்வது தெரிகிறது. மழை தவறினால் அவளிடம்தான் முறையிடுகிறார்கள். ஆகவே ‘இவளுக்கு என்னென்ன சக்தி?’ என்ற கேள்வியில் அதிக நேரம் செலவழிக்க வேண்டாம் என்பேன். அந்தக் கேள்விக்கு வரும் பதில்கள் எல்லாத் தெய்வத்துக்கும் ஒன்றுபோலவே இருக்கும். ‘இவள் காலையில் எழுந்து என்ன வேலை பார்க்கிறாள்?’ என்று கேளுங்கள். கை தானாக எழுதத் தொடங்கும்.

என் தெய்வத்துக்கு முகிலாய்ச்சி என்று பெயர் வைத்தேன். ஆயன் என்றால் இடையன், ஆய்ச்சி என்றால் இடைச்சி. முகிலை மேய்க்கிற இடைச்சி. பெயரே தொழிலைச் சொல்லிவிட்டதால் அடுத்து நான் யோசிக்க வேண்டியது அந்தத் தொழிலைப் பற்றித்தான்.

மேய்ப்பதை உற்றுப் பாருங்கள். மேய்க்கிறவர் பெரும்பாலும் மந்தைக்குப் பின்னால் நடக்கிறார். முன்னால் போவது கழுத்தில் மணி கட்டிய, வழி தெரிந்த மாடு. அவர் புல்லை முளைக்க வைப்பதில்லை, மாட்டைப் படைப்பதும் இல்லை. புல் எங்கே இருக்கிறது, எந்த மாடு அடுத்தவன் பயிரில் வாய் வைக்கும், எது பின்தங்கும், எது சினையாக இருக்கிறது, எது முட்டும் என்பதெல்லாம் அவருக்குத் தெரியும். கையில் ஒரு கோல், வாயில் சீழ்க்கை, பக்கத்தில் நாய். இருட்டுவதற்குள் எல்லாவற்றையும் பட்டிக்குக் கொண்டுவந்து சேர்க்க வேண்டும். சேர்க்கும்போது எண்ண வேண்டும்.

சரி, இதை அப்படியே வானத்துக்கு ஏற்றுவோம். மேகம் மாடு. கடல் மேய்ச்சல் நிலம். மழை பால். காற்று நாய்.

இந்த நாலு வரியை எழுதி முடித்ததும் ஒரு பரீட்சை வைத்துப் பார்ப்பேன். எந்த வானிலைத் தெய்வத்தை உருவாக்கினாலும் இதை வைக்கலாம்: ‘இந்த வருடம் ஏன் மழை இல்லை?’ தெய்வம் அரசனாக இருந்தால், அரசனுக்குக் கோபம் என்று பதில் வரும். கிரேக்கர்களின் ஜீயஸ் அந்த வகை. இடி அவர் கை ஆயுதம். தெய்வம் போர்வீரனாக இருந்தால், எதிரி மழையை மறித்துவிட்டான் என்று பதில் வரும். ரிக் வேதத்தில் விருத்திரன் தண்ணீரை அடைத்து வைக்கிறான், இந்திரன் அவனைக் கொன்று விடுவிக்கிறான். விடுபட்ட தண்ணீர், கத்துகிற பசுக்களைப் போலக் கடலை நோக்கி ஓடியது என்று அங்கே ஒரு உவமை வருகிறது. போர்க் கதைக்குள்ளும் மாட்டுச் சத்தம் கேட்கிறது பாருங்கள்.

என் தெய்வம் இடைச்சி. அவள் உலகத்தில் பதில் வேறு. மந்தை தூரத்துக்கு மேயப் போயிருக்கிறது, இன்னும் திரும்பவில்லை. அல்லது வழியில் சிதறிவிட்டது, அவள் தேடிக்கொண்டிருக்கிறாள். அல்லது மாடு வந்துவிட்டது, மடி நிறையவில்லை. யாருக்கும் கோபம் இல்லை, யாரும் குற்றவாளி இல்லை. இதனால் அந்த மக்களின் குணமே மாறுகிறது. வறட்சி வந்தால் அவர்கள் பாவம் செய்தவரைத் தேடி அலைய மாட்டார்கள். மேட்டில் விளக்கேற்றி வைப்பார்கள், வழி தவறிய மந்தைக்கு அடையாளமாக. தெய்வத்தின் தொழிலை மாற்றினால் ஊரின் சட்டம்வரை மாறிப்போகும். புதிதாகத் தொடங்குகிறவர்கள் இதை ஒரு தடவையாவது சோதித்துப் பார்க்க வேண்டும்.

அப்புறம் மாடுகளைப் பற்றித் தெரிந்துகொள்ள வேண்டும், அதாவது மேகங்களைப் பற்றி. கற்பனை என்பதால் என்ன வேண்டுமானாலும் எழுதலாம்தான். ஆனால் உண்மையான மேகங்கள் நாம் யோசிப்பதைவிட விசித்திரமானவை, அவற்றை விட்டுவிட்டுப் போக எனக்கு மனம் வரவில்லை.

1802-இல் லண்டனில் லூக் ஹோவார்ட் என்பவர் ஒரு சொற்பொழிவில் மேகங்களுக்கு இனம் பிரித்துப் பெயர் வைத்தார். கீற்று மேகம், திரள் மேகம், படை மேகம் என்று நாம் பள்ளியில் படிப்பதற்கெல்லாம் வேர் அந்தப் பெயர்கள்தான். இடைச்சிக்கு இவை எல்லாம் இனங்கள். வெயில் நாளில் பஞ்சுப் பொதிபோல மிதக்கும் திரள் மேகம் சாதுவான பசு. அதற்கு மேலே, சின்னச் சின்னத் துண்டுகளாக வரிசை கட்டி நிற்பவை ஆட்டு மந்தை. ஜெர்மன் மொழியில் அவற்றைக் குட்டி ஆட்டு மேகம் என்றே சொல்கிறார்கள். நிமிர்ந்து பார்த்தால் மந்தை தெரிவது நமக்கு மட்டும் இல்லை.

இன்னும் உயரத்தில் இருப்பவை கீற்று மேகங்கள், முழுக்கப் பனித்துகள்கள். அவற்றிலிருந்து விழுவது தரைக்கு வந்து சேராது, வழியிலேயே ஆவியாகிவிடும். நான் அவற்றைப் பால் வற்றிய கிழ மாடுகளாக வைத்தேன். கறவை நின்றுவிட்டது என்று அவள் விரட்டிவிடவில்லை. ஏனென்றால் அவற்றுக்கு வழி தெரியும். பல நாடுகளில் வானிலை மாறப்போவதற்கு ஓரிரு நாள் முன்பே கீற்று மேகங்கள் வானத்தில் வந்து நிற்கும், பின்னால் மழை மேகங்கள் வரும். மணி கட்டிய மாடு எது என்ற கேள்விக்கு வானமே பதில் வைத்திருந்தது.

காளை ஒன்று வேண்டுமே. அது கார்திரள் மேகம், இடி மேகம். 12 கிலோமீட்டருக்கு மேல் வளரும். வெப்ப மண்டலத்தில் 15 கிலோமீட்டரையும் தாண்டும். உச்சியில் மேலே போக வழியில்லாமல் பக்கவாட்டில் விரிந்து நிற்கும். வானிலை ஆய்வாளர்கள் அந்த உச்சியைக் கொல்லனின் பட்டறைக் கல் என்பார்கள். இடைச்சியின் மக்கள் கொம்பு என்பார்கள்.

எடையையும் சொல்லிவிடுகிறேன். நீளம், அகலம், உயரம் மூன்றும் ஒரு கிலோமீட்டர் உள்ள ஒரு திரள் மேகத்தில் ஏறக்குறைய 500 டன் தண்ணீர் இருக்கும். ஒரு கன மீட்டருக்கு அரை கிராம்தான். ஆனால் கன மீட்டர்கள் நூறு கோடி. யானைகளாகச் சொன்னால் நூறு யானை எடை, தலைக்கு மேலே சத்தமில்லாமல் நகர்ந்து போகிறது. இதைக் கோலால் தட்டி ஓட்டுகிறவள் எப்படி இருப்பாள்? தோள் எப்படி இருக்கும், குரல் எப்படி இருக்கும்? அவளை ஒல்லியான இளம்பெண்ணாக வரைந்து வைத்திருந்தேன். இந்தக் கணக்கைப் போட்ட அன்று அந்தப் படத்தைக் கிழித்துவிட்டேன். இப்போது அவள் கிழவி. அகன்ற பாதம், வெடித்த குதிகால், உரத்த குரல். அந்த மக்கள் அவளை ஆச்சி என்றுதான் கூப்பிடுகிறார்கள்.

நாய்க்கு வருவோம். மந்தை நாய் மந்தையைச் சுற்றிச் சுற்றி ஓடும், சிதறியதை ஒன்றாகக் குவிக்கும். காற்றும் அதையே செய்கிறது. புயலில் மேகங்கள் ஒரு மையத்தைச் சுற்றிக் குவிகின்றன. பூமியின் வட பாதியில் புயல் இடஞ்சுழியாகச் சுற்றும், தென் பாதியில் வலஞ்சுழியாக. பூமி தன்னைத் தானே சுற்றுவதால் வரும் விலக்கம் இரண்டு பாதியிலும் எதிரெதிராக இருப்பதுதான் காரணம். நிலநடுக்கோட்டில் அந்த விலக்கம் இல்லாமலே போய்விடும். அதனால் கோட்டுக்கு மிக அருகில், சுமார் ஐந்து பாகைக்குள், புயல் உருவாவது அபூர்வம். இதைப் படித்த இரவு எனக்குத் தூக்கம் வரவில்லை. ஆச்சிக்கு இரண்டு நாய்கள். ஒன்று இடப்பக்கமாகவே சுற்றும், மற்றது வலப்பக்கமாகவே சுற்றும். நடுவில் ஒரு கோடு. அந்தக் கோட்டை இரண்டும் மிதிப்பதில்லை. ஏன் என்பதற்கு ஒரு முழுக் கதையே எழுதலாம். இரண்டும் ஒரே ஈற்றில் பிறந்தவை, ஒரு காலத்தில் சண்டை போட்டவை, ஆச்சி நடுவே கோலால் கோடு கிழித்துப் பிரித்துவிட்டாள் என்று நான் வைத்திருக்கிறேன்.

மந்தையும் வானிலையும் ஒட்டிக்கொண்டுவிட்டன. காலம்தான் பல நாள் தனியாகவே நின்றது. மேகம் மேய்க்கிற கிழவிக்குக் காலம் எதற்கு என்று நானே குழம்பினேன். தீர்த்துவைத்தது பழைய தமிழ் இலக்கணம்.

தொல்காப்பியம் காடும் மேய்ச்சலுமான முல்லை நிலத்துக்குத் தெய்வம் மாயோன் என்கிறது. அதே முல்லைக்குப் பொழுது சொல்லும் இடத்தில் ‘காரும் மாலையும் முல்லை’ என்கிறது. கார் என்றால் மழைக்காலம், மாலை என்றால் மந்தை வீடு திரும்பும் நேரம். மந்தை, மழை, பொழுது மூன்றையும் ஒரே நிலத்துக்குள் வைத்துப் பார்ப்பது நமக்குப் பழக்கமானதுதான். திருப்பாவையின் நாலாவது பாட்டில் ஆண்டாள் இதை இன்னும் நெருக்கிக் கட்டுகிறாள். பாடுகிறவர்கள் ஆயர்பாடிப் பெண்கள். அழைப்பது மழையை. கடலுக்குள் புகுந்து, முகந்துகொண்டு, ஆர்ப்பரித்து ஏறு என்கிறார்கள். ஏறிய மேகம் எப்படிக் கறுக்க வேண்டும்? ‘ஊழி முதல்வன்’ உருவம்போல. ஊழி என்றால் யுகம். இடைச்சிகள், மழை, காலத்துக்கு முதல்வன், மூன்றும் மூன்று வரிக்குள். சின்ன வயதிலிருந்து கேட்ட பாட்டு, அதுவரை எனக்கு இது கண்ணில் படவில்லை.

அதற்குப் பிறகுதான் புரிந்தது. என் நோட்டில் இருந்தவை மூன்று பொறுப்புகள் இல்லை, ஒரே வேலை. காலையில் திறந்துவிடுவதும் மாலையில் அடைப்பதும் நாள். தூர மேய்ச்சலுக்குப் போய்த் திரும்புவது ஆண்டு. பட்டி வாசலில் நின்று எண்ணுவது கணக்கு. கணக்கு இருந்தால் நேற்று உண்டு, நாளை உண்டு. மந்தை இருக்கும் இடத்தில் காலம் தானாக வந்துவிடுகிறது.

எண்ணுவதைப் பற்றி நிறையச் சொல்ல வேண்டும், எனக்குப் பிடித்த பகுதி இது. இன்றைய இராக்கில் நூஜி என்ற பழைய ஊரில், கி.மு. இரண்டாம் ஆயிரத்தைச் சேர்ந்த முட்டை வடிவக் களிமண் கூடு ஒன்று கிடைத்தது. மேலே ஆடுகளின் பட்டியல் எழுதியிருந்தது. உள்ளே கூழாங்கற்கள், ஆட்டுக்கு ஒரு கல். எழுத்து தெரியாத மேய்ப்பன்கூடக் கல்லை வைத்துக் கணக்கைச் சரிபார்க்கலாம். கிரேக்கக் காவியமான ஒடிசியில் சூரியக் கடவுள் ஹீலியோஸுக்கு ஏழு மாட்டு மந்தை, ஏழு ஆட்டு மந்தை, மந்தைக்கு ஐம்பது. ஆக 350 மாடு, 350 ஆடு. அவை குட்டி போடுவதும் இல்லை, சாவதும் இல்லை. பன்னிரண்டு சந்திர மாதம் சேர்ந்தால் 354 நாள். ஆகவே இந்த மந்தை ஆண்டின் நாட்கள்தான் என்று பழைய காலத்திலேயே விளக்கம் சொன்னார்கள்.

ஹீலியோஸின் மாடு கூடாது, குறையாது. ஆச்சியின் மந்தை நேர் எதிர். வெயில் நாளின் சின்னத் திரள் மேகம் ஒன்றைக் கண் எடுக்காமல் பாருங்கள். பெரும்பாலும் அரை மணி நேரத்துக்குள் ஓரம் கரைந்து, நடுவில் ஓட்டை விழுந்து, இல்லாமல் போய்விடும். பக்கத்திலேயே புதிதாக ஒன்று திரளும். காலையில் திறந்துவிட்ட மந்தை மாலையில் வருவதே இல்லை. வருவது வேறு மந்தை. அப்படி இருக்கும்போது கிழவி எதை எண்ணுகிறாள்?

நான் கண்ட விடை இது. காலையில் ஒவ்வொரு மேகமாகத் திறந்துவிடும்போது மடியில் ஒரு கல் போட்டுக்கொள்கிறாள். மாலையில் உள்ளே வரும் ஒவ்வொன்றுக்கும் ஒரு கல்லை எடுத்துக் கீழே வைக்கிறாள். மழையாகப் பெய்து தீர்ந்தவை வருவதில்லை. அவற்றின் கற்கள் மடியிலேயே தங்கிவிடுகின்றன. அவள் அவற்றை எறிய மாட்டாள். அந்தக் கற்கள்தான் கடந்த காலம். ஒவ்வொரு நாளும் மடி கொஞ்சம் கனக்கிறது. கிழவி கூன் விழுந்து நடப்பது அதனால்தான்.

ஒரு நாள் மடி கிழிகிறது. கற்கள் கொட்டுகின்றன. கீழே இருப்பவர்களுக்கு அது ஆலங்கட்டி மழை.

ஆலங்கட்டி ஒன்றைப் பாதியாக வெட்டினால் உள்ளே வெங்காயம்போல வளையங்கள் தெரியும். ஒன்று கண்ணாடிபோலத் தெளிவாக, அடுத்தது பால்போல வெளுப்பாக. மேகத்துக்குள் வெவ்வேறு குளிரும் ஈரமும் உள்ள இடங்களில் அலைந்து, பனி மேல் பனியாக வளர்ந்ததன் தடயம் அது. இடைச்சியின் மக்களிடம் கல் காப்பவர்கள் என்று சிலர் உண்டு. ஆலங்கட்டி விழுந்ததும் உருகுவதற்குள் ஒன்றை எடுத்து, சூடாக்கிய கத்தியால் அறுத்து, வளையத்தை எண்ணுவது அவர்கள் வேலை. கை மரத்துப்போகும், விரல் இடுக்கில் தண்ணீர் ஒழுகும், எண்ணி முடிப்பதற்குள் உள்வளையம் கரைந்துவிடும். எத்தனை வளையமோ அத்தனை நாளை ஆச்சி தவறவிட்டாள் என்று பொருள். அத்தனை நாளை அவர்கள் பஞ்சாங்கத்தில் கூட்டிக்கொள்கிறார்கள். அந்த நாட்களுக்குக் கிழமை கிடையாது. அன்று கடன் கேட்கக் கூடாது, அன்று பிறந்த குழந்தைக்கு வயது எண்ணுவதில்லை.

நிஜத்திலும் நாள் கூட்டுவது உண்டு. சந்திர ஆண்டு சூரிய ஆண்டைவிடச் சுமார் 11 நாள் குறைவு. அதைச் சரிக்கட்டப் பல நாட்டுப் பஞ்சாங்கங்களில் அவ்வப்போது ஒரு மாதமே கூடுதலாகச் சேர்க்கிறார்கள். நான் செய்தது அந்தக் கூடுதல் கணக்கை ஒரு கிழவியின் கிழிந்த மடியில் கொண்டுபோய் வைத்ததுதான்.

இப்படி யோசிக்கும்போது உறவுக்காரத் தெய்வங்கள் நிறைய எதிர்ப்படும். வேதத்துப் பூஷன் பாதைகளுக்குக் காவல், தொலைந்த மாட்டைத் தேடிக் கொடுப்பவர், அவர் தேரை இழுப்பவை ஆடுகள். சுமேரியர்களின் நிலாக் கடவுள் நன்னாவுக்கு மாட்டு மந்தைகள் உண்டு. சீனர்களுக்கு ஆல்டேர் என்ற நட்சத்திரம் ஒரு மாட்டுக்காரன், ஏழாம் மாதம் ஏழாம் நாள் மட்டும் தன் மனைவியைச் சந்திப்பவன். இவற்றைப் படியுங்கள், ஆசையோடு படியுங்கள். ஆனால் இன்றும் யாரோ கைகூப்பிக் கும்பிடுகிற தெய்வத்தை எடுத்துப் பெயர் மட்டும் மாற்றிக் கதையில் இறக்காதீர்கள். கதை நடக்க வேண்டும் என்பதற்காக அதைத் தோற்கடிக்கவோ முட்டாளாக்கவோ வேண்டி வரும், படிக்கிற பக்தருக்கு அது வலிக்கும். தெய்வங்களிடமிருந்து யோசிக்கும் விதத்தைக் கற்றுக்கொள்ளலாம், உருவத்தை நாமே செய்துகொள்ளலாம்.

வேண்டுதல் எப்படி இருக்கும் என்பதையும் எழுதிப் பாருங்கள், தெய்வம் உயிரோடு இருக்கிறதா என்று அங்கே தெரிந்துவிடும். மழை வேண்டுமானால் என் மக்கள் நீளமாகத் துதி பாடுவதில்லை. ‘ஆச்சி, பட்டியைத் திற’ என்கிறார்கள். வெள்ளம் வந்தால் ‘ஆச்சி, பட்டியை அடை.’ யாராவது இறந்தால், ‘ஆச்சி, கல்லைப் பத்திரமாக வை.’ பிள்ளைகள் வானத்தை நோக்கி விரல் நீட்டி மேகத்தை எண்ணக் கூடாது. கிழவிக்குக் கணக்கு குழம்பிவிடும்.

கடைசியாக எனக்குக் கிடைத்தது மூடுபனி. அதுவும் மேகம்தான், தரையைத் தொட்டுக்கொண்டிருக்கும் மேகம். மேய்ச்சலுக்குப் போகாமல் இது ஏன் கீழேயே கிடக்கிறது என்று வெகுநாள் யோசித்தேன். அது கன்று. கடல்வரை நடக்கக் கால் பலமில்லை. தாய் விடியும் முன்பே போய்விட்டது. ஆச்சி அதைச் சின்னத் தாம்பில் ஒரு மரத்தடியில் கட்டிவிட்டுப் போயிருக்கிறாள். அது சத்தம் போடாது, அசையாது, பக்கத்தில் வருகிறவர்களின் முகத்தை ஈரமாக நக்கும். வெயில் ஏறியதும் கயிறு நெகிழ்கிறது. மெல்ல எழுந்து, மரத்துக்கு மேலே ஒரு ஆள் உயரம் நின்று பார்த்துவிட்டு, மந்தை போன திசையில் போகிறது.